பிரிட்டிஷ் நடிகை லிஸ் ஸ்மித்தை முதலில் எங்கே கவனித்தீர்கள்?

வடக்குவாசல்:
‘தி ராய்ல் ஃபேமிலி’ தொலைக்காட்சித் தொடர் பார்த்தவர்களுக்கு அவர் நடித்த நானா பாட்டியை அறிமுகம் செய்யத் தேவையில்லை. 2006 சிறப்பு அத்தியாயத்தைத்தான் சொல்கிறேன். கூடத்திலேயே கட்டிலைப் போட்டுக் கிழவியைக் கிடத்தியிருப்பார்கள். மகள் பார்பரா, அதாவது நடிகை சூ ஜான்ஸ்டன், தலை வாரிவிடுவாள். நான் இங்கே முதியோர் இல்லத்தில் வேலை பார்க்கிறேன். தினமும் யாருக்காவது தலை வாரிவிடுகிறேன். சீப்பு பட்டதும் சிலர் அப்படியே அடங்கி, முகத்தை நம் கையில் ஒப்படைத்துவிடுவார்கள். அதை ஒருவர் நடித்துக் காட்ட முடியும் என்று நான் நினைத்ததில்லை. கிட்டத்தட்ட ஐம்பது வயதுவரை லிஸ் ஸ்மித்தை யாரும் சீண்டவே இல்லையாம். பொம்மைக் கடையில் நின்றவருக்கு ஒரு போன் வந்து அதிர்ஷ்டம் அடித்ததாம். அந்த போன் வராமலே போயிருந்தால்?

மாலைத்தேநீர்:
எனக்கு ‘தி விகார் ஆஃப் டிப்ளி’ என்ற நகைச்சுவைத் தொடர். வாயில் வைக்க முடியாத பலகாரங்களைச் சுட்டு ஊருக்கே கொடுக்கும் லெட்டீஷியா. 1996 ஈஸ்டர் அத்தியாயத்தில் சாகக் கிடக்கும்போது பெண் பாதிரியாரிடம் ரகசியமாக ஒன்று கேட்பார்: இத்தனை காலம் ஈஸ்டர் முயலாகப் போனது நான்தான், இனி நீ போக வேண்டும் என்று. இரவில் பார்த்தால் ஊரில் பாதிப்பேர் முயல் வேடத்தில் நிற்கிறார்கள்! எல்லோரிடமும் தனித்தனியாகக் கேட்டு வைத்திருக்கிறார். நான் விழுந்து விழுந்து சிரித்தேன். “ஒரு மனுஷி செத்துப்போயிருக்கிறாள், என்ன சிரிப்பு?” என்றார் அம்மா. எனக்குப் பதில் வரவில்லை.

பழையபிரதி:
வடக்குவாசல், ‘அதிர்ஷ்டம்’ என்று ஒரே வார்த்தையில் முடித்துவிடாதீர்கள். 1921-இல் ஸ்கன்தார்ப்பில் பிறந்தவர், இரண்டு வயதில் தாயை இழந்தவர். போர்க்காலத்தில் கடற்படையின் மகளிர் பிரிவில் இருந்தார். மணமுறிவுக்குப் பிறகு இரண்டு பிள்ளைகளைத் தனியாகவே வளர்த்தார். கிடைத்த வேலையெல்லாம் செய்துகொண்டு, நாடக இயக்குநர் சார்லஸ் மரோவிட்ஸின் குழுவில் எழுதிய வசனம் இல்லாமல் நடித்துப் பழகினார். அந்தப் போனைச் செய்த இயக்குநர் மைக் லீ, பாத்திரங்களை ஒத்திகையிலேயே உருவாக்குகிறவர். கிறிஸ்துமஸ் கூட்டத்தில் ஹாம்லீஸ் கடையில் பொம்மை விற்றுக்கொண்டிருந்தவரை அவர் வேறு எதற்காகக் கூப்பிட்டார்? 1971-இல் ‘ப்ளீக் மொமென்ட்ஸ்’, 1973-இல் ‘ஹார்ட் லேபர்’.

இரண்டாவதைப் பார்த்திருக்கிறீர்களா? வீட்டிலும் வெளியிலும் உழைத்து ஓயும் திருமதி தார்ன்லி, பாவமன்னிப்புக் கேட்கப் போய், மனிதர்கள்மீது தனக்குப் போதிய அன்பு இல்லை என்று சொல்வாள். துணைப் பாத்திரமல்ல, அவள்தான் படமே. சிரிப்புக் கிழவியாக மட்டும் அவரை நினைப்பவர்கள் அதைப் பார்க்க வேண்டும்.

ஓய்வூதியர்:
‘எ பிரைவேட் ஃபங்ஷன்’ படம்தான் நான் பார்த்தது. 1947, ரேஷன் காலம், வீட்டுக்குள் ஒளித்துவைத்த பன்றி, மேகி ஸ்மித்தின் அம்மாவாக இவர். துணை நடிகைக்கான பாஃப்டா என்ற பிரிட்டிஷ் திரை விருதும் கிடைத்தது. அவ்வளவுதான்.

இங்கே படிக்கும் இளையவர்களுக்கும் நடுவயதினருக்கும் ஒன்று சொல்லிவிடுகிறேன். நடிப்பு ஆசை இருந்தால் வேலையை விடாதீர்கள். மாலை வகுப்பில் சேருங்கள். கண்ணாடி முன் நடிக்காதீர்கள், அது முகத்தை மட்டும்தான் வளர்க்கும். பஸ் நிறுத்தத்தில் நிற்பவர்கள் பையை எந்தத் தோளில் மாற்றுகிறார்கள், சில்லறையை எப்படி எண்ணுகிறார்கள் என்று பாருங்கள். வயதைக் குறைத்துச் சொல்லவே கூடாது. அம்மா வேடம் வந்தால் முகம் சுளிக்காமல் வாங்கிக்கொள்ளுங்கள். குரலுக்குக் காலையில் வெந்நீர். புகைப்படம் எடுக்கும்போது சிரிக்காத படம் ஒன்றும் கட்டாயம் இருக்கட்டும். என் மைத்துனர் மகனுக்கும் இதையேதான் சொன்னேன், அவன் கேட்கவில்லை.

வடக்குவாசல்:
ஐயா, நான் நடிக்கப் போவதாகச் சொல்லவே இல்லை.

பழையபிரதி, நீங்கள் சொன்னது அத்தனையும் சரி. ஆனால் அதே குழுவில் அதே பாடுபட்ட மற்றவர்களுக்கும் போன் வந்ததா? என் கேள்வி அவரைப் பற்றி மட்டுமல்ல.

பழையபிரதி:
வரவில்லை என்றால், வந்தவருடைய உழைப்பு அதிர்ஷ்டமாகிவிடுமா?

குட்டிஅம்மா:
சண்டைக்கு நடுவில் மன்னிக்கவும். 2005-இல் வந்த ‘சார்லி அண்ட் தி சாக்லேட் ஃபேக்டரி’யில், நான்கு தாத்தா பாட்டிகள் முடங்கிக் கிடக்கும் அந்தக் கட்டிலில் ஜார்ஜினா பாட்டி இவர்தான். எல்லோரும் வேறு எதையோ பேச, திடீரென்று “எனக்குத் திராட்சை பிடிக்கும்” என்பார். என் மகள் அதைப் பிடித்துக்கொண்டாள். கணக்குப் பாடத்தில் சிக்கினாலும் அதுதான் பதில். அதே ஆண்டு வந்த ‘வாலஸ் அண்ட் க்ரோமிட்’ படத்தில் திருமதி மல்ச்சின் குரலும் இவருடையதுதான் என்றேன். நம்பாமல், படத்தை முதலிலிருந்து போடச் சொல்லி உட்கார்ந்திருக்கிறாள்.