டெக்சாஸில் புருவம் திருத்த லைசென்ஸ் வேண்டுமா?

கேள்வி – கோவைப்பொண்ணு

வணக்கம். டாலஸ் பக்கம் ஃபிரிஸ்கோவுக்கு வந்து ஒன்றரை வருடம் ஆகிறது. கணவரின் வேலை விசாவை ஒட்டிய ஹெச்4 விசா. வேலை செய்ய அனுமதிக்கும் இஏடி கார்டு போன வாரம்தான் கைக்கு வந்தது. ஊரில் காந்திபுரத்தில் ஒரு பார்லரில் ஆறு வருடம் இருந்தேன். த்ரெட்டிங் (நூலால் முடி எடுப்பது), வேக்சிங், ஃபேஷியல் எல்லாம் செய்வேன். ஆறு மாத பியூட்டிஷியன் கோர்ஸ் முடித்த சான்றிதழும் இருக்கிறது. கோயிலில் பார்த்த ஒரு அக்கா, லைசென்ஸ் இல்லாமல் நூலைத் தொட்டாலே அபராதம் என்கிறார். எங்கள் அபார்ட்மெண்டில் இன்னொருவர் வீட்டிலேயே எல்லாம் செய்கிறார், ஒன்றும் ஆகவில்லையாம். யார் சொல்வது சரி? ஊர்ச் சான்றிதழ் இங்கே செல்லுமா?

பதில் – பிளேனோவாசி

பயப்படாதீங்க. தெரிந்தவர்களுக்குத்தானே செய்யப் போகிறீர்கள், யார் வந்து கேட்கப் போகிறார்கள்? வாட்ஸப் குரூப்பில் போட்டால் போதும்.

பதில் – இர்விங் அக்கா

அப்படிச் சொல்லாதீங்க தம்பி. மாட்டிக்கொண்டால் விசாவோடு இருக்கிற அந்தப் பெண்தான் அவதிப்பட வேண்டும்.

கோவைப்பொண்ணு, நான் சேலத்தில் பார்லரில் வேலை பார்த்துவிட்டு 2012இல் இங்கே வந்தேன். உங்கள் கோயில் அக்கா சொல்வது அந்தக் காலத்துச் சட்டம். அப்போது புருவத்தில் நூல் வைக்க வேண்டுமென்றாலே எஸ்தடீஷியன் (சருமப் பராமரிப்பு) லைசென்ஸ், அதாவது 750 மணி நேரப் படிப்பு வேண்டும். நானும் படித்தேன். என் வகுப்பில் ஒரு நாள்கூட நூலைக் கையில் எடுக்கவில்லை.

இதை எதிர்த்து 2009இல் த்ரெட்டிங் தொழிலில் இருந்த ஆஷிஷ் படேலும் இன்னும் சிலரும் மாநில லைசென்ஸ் துறை மீது வழக்குப் போட்டார்கள். 2015 ஜூன் 26 அன்று டெக்சாஸ் உச்ச நீதிமன்றம் 6க்கு 3 என்று அவர்கள் பக்கம் தீர்ப்புச் சொன்னது. அந்த 750 மணி நேரத்தில் 320 மணி நேரம் வரைக்கும் நூல் வேலைக்குச் சம்பந்தமே இல்லாதது என்று தீர்ப்பிலேயே எழுதியிருக்கிறார்கள். செய்தியைப் படித்தபோது கடையில் ஒரு வாடிக்கையாளர் நாற்காலியில் சாய்ந்து காத்திருந்தார். நான் நூலைப் பிடித்தபடியே அழுதுவிட்டேன். நம் ஊர்க் கைத்தொழில், நாலு வழக்கறிஞர்கள் முன்னால் தன் பெயரைச் சொல்லி ஜெயித்த மாதிரி இருந்தது.

அதனால் இன்று டெக்சாஸில் த்ரெட்டிங்குக்கு மட்டும் லைசென்ஸ் வேண்டாம். நூலைத் தாண்டி ஒரு சொட்டு வேக்ஸ் வைத்தாலும், புருவத்துக்குச் சாயம் பூசினாலும், ஃபேஷியல் செய்தாலும் அதே எஸ்தடீஷியன் லைசென்ஸ் கட்டாயம் வேண்டும். உங்கள் அபார்ட்மெண்ட்காரர் வேக்ஸ் செய்கிறார் என்றால் அது தப்புதான்.

வேக்ஸுக்கு லைசென்ஸ் கேட்பது எனக்கு நியாயமாகவே படுகிறது. சேலத்தில் ஒரு கல்லூரிப் பெண்ணுக்கு மேலுதட்டில் வேக்ஸ் வைத்து இழுத்தேன். முடியோடு தோலும் உரிந்து வந்தது. சின்ன நகம் அளவுக்குச் சிவப்பாக ஈரம். அவள் பருவுக்கு, வேக்ஸ் வைத்தால் தோலை எளிதில் உரிய வைக்கும் ரெட்டினால் க்ரீம் போடுகிறாள் என்று எனக்குத் தெரியாது, கேட்க வேண்டும் என்றும் யாரும் சொல்லித் தரவில்லை. இங்கே படிக்கும்போதுதான் முதல் கேள்வியே அதுதான் என்று புரிந்தது. வேக்ஸ் பானைக்குள் ஒரே குச்சியை இரண்டாம் முறை விடக்கூடாது என்பதும் இங்கேதான் பழகினேன்.

ஊர்ச் சான்றிதழை நம்பி உட்காராதீர்கள். தமிழ்நாட்டில் பியூட்டிஷியனுக்கு அரசு லைசென்ஸ் என்று ஒன்றும் இல்லை, கடைக்கு மாநகராட்சி உரிமம் மட்டும்தான். அதனால் இங்கே மாற்றிக்கொள்ள எதுவும் இல்லை. ஆனால் கை வேலை தெரிந்திருப்பது வகுப்பில் ரொம்ப உதவும்.

வீட்டில் ஃபேஷியலும் வேக்ஸும் வைத்து நடத்த வேண்டுமென்றால் உங்களுக்கு மட்டுமில்லை, இடத்துக்கும் தனி லைசென்ஸ் உண்டு. குடியிருக்கும் பகுதியோடு கலக்காமல் தனி வாசல் இருக்க வேண்டும். அபார்ட்மெண்டில் அது நடக்காது.

பதில் – சான் ஹோஸே சுமதி

கலிபோர்னியாவிலும் த்ரெட்டிங்குக்கு வேண்டாம், வேக்ஸுக்கு வேண்டும். காஸ்மெட்டாலஜி என்கிற முழு அழகுக்கலை லைசென்ஸுக்கு இங்கே முன்பு 1600 மணி நேரப் படிப்பு, 2022 முதல் 1000. மாநிலத்துக்கு மாநிலம் மாறும், உங்கள் மாநிலத்து விதியை மட்டும் பாருங்கள்.

கோவைப்பொண்ணு

அக்கா, ரொம்ப நன்றி. இரண்டு முறை படித்தேன். எனக்கு மூன்று வயதுப் பெண் இருக்கிறாள். 750 மணி நேரம் எப்படிச் சமாளித்தீர்கள்? தேர்வு ஆங்கிலத்திலா?

பதில் – இர்விங் அக்கா

வாரம் 30 மணி நேரம் என்றால் 25 வாரம், 20 மணி நேரம் என்றால் ஒன்பது மாதம் பக்கம் ஆகும். நான் மாலை வகுப்புக்குப் போனேன், வீட்டுக்காரர் ஆபீஸ் விட்டு வந்து பையனைப் பார்த்துக்கொண்டார். தனியார் பள்ளியில் சேர்வதற்கு முன் பக்கத்துக் கம்யூனிட்டி காலேஜில் கட்டணம் கேளுங்கள், அங்கே பெரும்பாலும் குறைவு.

எழுத்துத் தேர்வு ஸ்பானிஷிலும் வியட்நாமிய மொழியிலும்கூட உண்டு, தமிழில் இல்லை. ஆங்கிலக் கேள்விக்குப் பயப்பட வேண்டாம். கிருமிநாசினி, தோலின் அடுக்குகள், நோய் பற்றிய சொற்களையே சுற்றிச் சுற்றிக் கேட்பார்கள். ஒரு நோட்டில் ஆங்கிலச் சொல்லும் பக்கத்தில் தமிழும் எழுதி அடுப்புக்கு மேலே ஒட்டி வைத்திருந்தேன், இன்னும் பத்திரமாக இருக்கிறது. அனுப்புகிறேன்.

அதுவரை நூல் வேலையை ஒரு கடையில் தொடங்குங்கள். ஆளுக்கு ஒரு புது நூல். முனையைப் பல்லில் கடிக்கிற பழக்கத்தை விட்டுவிட்டுக் கழுத்தில் மாட்டிப் பழகுங்கள், ஒரு வாரத்தில் வந்துவிடும்.

கோவைப்பொண்ணு

நேற்று வீட்டில் கழுத்தில் மாட்டி என் கால் முடியில் பார்த்தேன் அக்கா. நாலு தடவை அறுந்தது. அஞ்சாவது தடவை நின்றது.