மூம் ஆல்பத்தில் எது அசல்?

பாதரசம்:
நேற்று வேறொரு இழையில் கலங்கரை போகிறபோக்கில் ஒரு குண்டைப் போட்டிருக்கிறார். ஐஸ்லாந்து எலக்ட்ரானிக் இசைக் குழுவான மூம் 2002இல் வெளியிட்ட ‘ஃபைனலி வி ஆர் நோ ஒன்’ வெறும் டப்பிங்காம். ‘லோக்சின்ஸ் எரும் வித் எங்கின்’ என்ற ஐஸ்லாந்து மொழிப் பதிப்புதான் அசலாம். ஆங்கிலத்தில் கேட்கிற நாங்களெல்லாம் எச்சில் இலையில் சாப்பிடுகிறோமாம். ஐயா, இரண்டும் ஒரே வருடம் வந்தவை. இரண்டிலும் பாடியது அதே இரட்டைச் சகோதரிகள், கீதாவும் கிறிஸ்டினும். டப்பிங் எங்கிருந்து வந்தது?

கலங்கரை:
வந்துவிட்டாரா! இரண்டாவது பாட்டை எடுங்கள். ஐஸ்லாந்து மொழியில் ‘க்ராஸி வாக்ஸின் கோயிங்’, அதாவது புல் மண்டிய சுரங்கப்பாதை. எவ்வளவு இயல்பாக இருக்கிறது! ஆங்கிலத்தில் ‘கிரீன் கிராஸ் ஆஃப் டனல்’. இப்படி எந்த ஆங்கிலேயன் பேசுவான்? மொழிபெயர்ப்பு நாற்றம் மூக்கைத் துளைக்கிறது.

பாதரசம்:
ஐஸ்லாந்துத் தலைப்பில் ‘பச்சை’ எங்கே இருக்கிறது, காட்டுங்கள் பார்ப்போம். மொழிபெயர்ப்பு என்றால் இல்லாத பச்சை எப்படி முளைத்தது?

இரவுப்பறவை:
அடியில் ஓடும் இசை ஒன்றுதானே? நகத்தால் மேசையைச் சுரண்டுகிற மாதிரி அந்தச் சின்னச் சின்ன ‘க்ளிக்’ சத்தம், அதன் மேல் அக்கார்டியன் மூச்சு வாங்குவது, தூக்கத்தில் முனகுவது போன்ற குரல். வார்த்தையே பாதி காதில் விழாது. இதில் என்ன அசல், என்ன நகல்?

கலங்கரை:
உங்கள் காதில் விழவில்லை என்றால் ஹெட்ஃபோனை மாற்றுங்கள். வடமேற்கு ஐஸ்லாந்தில் கால்தார்விதி என்று ஒரு தனிமையான கலங்கரை விளக்கம். அங்கே போய்த் தங்கித்தான் இந்தப் பாட்டுகளை எழுதினார்கள். கூப்பிடு தூரத்தில் ஆளில்லாத இடத்தில் உட்கார்ந்துகொண்டு இங்கிலீஷிலா யோசித்திருப்பார்கள்? அசல் அசல்தான்.

பாதரசம்:
நீங்கள்தான் பக்கத்தில் உட்கார்ந்து பார்த்தீர்களோ? பச்சைக்குப் பதில் வரவில்லை.

மெட்டுக்காரன்:
கீதா என்று எழுதியிருப்பதைப் பார்த்து எங்கள் பக்கத்து வீட்டு அக்காவோ என்று நினைத்துவிட்டேன். உச்சரிப்பாவது சரியாக எழுதுங்கள்.

கலங்கரை:
அது சரியான உச்சரிப்புதான். நடுவில் வருவது நம் ‘தா’வேதான். தெரியாத இடத்தில் வாயை வைக்காதீர்கள். 2002லேயே படிப்பைத் தொடர அவர் குழுவை விட்டுப் போய்விட்டார் என்பதாவது தெரியுமா?

மெட்டுக்காரன்:
தெரியும். அதற்கும் இதற்கும் என்ன சம்பந்தம்? ஐஸ்லாந்து எலக்ட்ரானிக் என்றால் கஸ்கஸ் குழுதான். 1997லேயே ‘பாலிடிஸ்டார்ஷன்’ ஆல்பம் போட்டு ஆட வைத்தார்கள். இது தாலாட்டு.

பாதரசம்:
கஸ்கஸை இங்கே யார் கூப்பிட்டது? போன வருடமும் இப்படித்தான் ஒரு நல்ல இழையைக் கெடுத்தீர்கள். சரி, விஷயத்துக்கு வருகிறேன். அன்றைக்கு ஐஸ்லாந்தின் மொத்த ஜனத்தொகையே மூன்று லட்சத்துக்குள். மூம் ஆல்பத்தை வெளியிட்டது ஃபேட்கேட், பிரிட்டிஷ் இசை நிறுவனம். உலகத்துக்காகத்தான் பாடினார்கள்.

கலங்கரை:
அதே மூன்று லட்சம் பேரில் இருந்து வந்த சிகுர் ரோஸ் குழு 1999இல் ‘அகைதிஸ் பிர்யுன்’ ஆல்பத்தை ஐஸ்லாந்து மொழியில் பாடி உலகத்தையே கேட்க வைக்கவில்லையா? ஜனத்தொகைக் கணக்கை ரேஷன் கடையில் காட்டுங்கள்.

இரவுப்பறவை:
2002இல் அதே சிகுர் ரோஸ் எந்த மொழியிலும் சேராத வெறும் ஒலிகளால் ஒரு ஆல்பம் முழுக்கப் பாடினார்கள். அதில் எது அசல், கலங்கரை சார்?

கலங்கரை:
சார் மோர் எல்லாம் வேண்டாம். சிகுர் ரோஸ் எலக்ட்ரானிக்கே இல்லை.

பாதரசம்:
நீங்கள்தானே இழுத்து வந்தீர்கள்!

கலங்கரை:
உதாரணத்துக்கு இழுத்தேன். மூம் ஆல்பத்தின் கடைசிப் பாட்டு கிட்டத்தட்ட 12 நிமிடம். அதை ஐஸ்லாந்து மொழியில் ராத்திரி விளக்கை அணைத்துவிட்டு ஒரு தடவை கேளுங்கள். அப்புறம் பேசலாம்.

பாதரசம்:
கேட்டாயிற்று, நாலு தடவை. பச்சை எங்கே?

மெட்டுக்காரன்:
12 நிமிடமா? நான் ஏழாவது நிமிடத்திலேயே தூங்கியிருப்பேன்.

கலங்கரை:
உங்களை யாரும் எழுப்பவில்லை. பாதரசம், புல் என்றாலே பச்சைதான்.

பாதரசம்:
காய்ந்த புல்லைப் பார்த்ததே இல்லையா?