ஒருவர் கையில் ஐந்து பேர்: மல்டிபாக்ஸிங் ஆட்டக்காரர்களை எதிர்கொண்ட அனுபவங்கள்

வெண்கோல்:

ஒரே கணினியிலோ பல கணினிகளிலோ ஒரு விளையாட்டின் பல பிரதிகளைத் திறந்து, பல கணக்குகளை ஒருவரே ஆடுவதுதான் மல்டிபாக்ஸிங். நம்மில் பலர் அப்படி ஆடுகிறவர்களைக் களத்தில் எதிர்த்திருக்கிறோம். சிலர் அப்படி ஆடியும் இருக்கிறோம். இரு தரப்பாரும் எழுதுங்கள். ‘ஏமாற்று’ என்று ஒரே சொல்லில் முடித்துவிடாமல், என்ன பார்த்தீர்கள், எப்படிச் சமாளித்தீர்கள் என்று விவரமாக எழுதினால் புதிதாக ஆட வருகிறவர்களுக்கும் பயன்படும்.

என் அனுபவத்திலிருந்தே தொடங்குகிறேன். வேர்ல்ட் ஆஃப் வார்கிராஃப்ட் என்ற இணைய விளையாட்டில் நான் பிரீஸ்ட், குணப்படுத்துகிறவன். ஸ்ட்ராங்கிள்தார்ன் காட்டுப் பாதையில் வாரியரான நண்பரோடு போய்க்கொண்டிருந்தேன். எதிரே எதிர்த்தரப்பின் ஐந்து டாரன் ஷாமன்கள், அதாவது மந்திரவாதிகள், ஒருவர் பின் ஒருவராக வந்தார்கள். ஐந்து பேருக்கும் ஒரே பெயர். கடைசி எழுத்து மட்டும் வேறு. முன்னால் வந்தவர் குதித்தபோது ஐவரும் அதே நொடியில் குதித்தார்கள். அப்போதே விஷயம் புரிந்துவிட்டது. புரிந்து என்ன பயன்? ஐந்து மின்னல்கள் ஒன்றாகப் பாய்ந்தன. நான் ஒரு குணப்படுத்தும் மந்திரத்தைச் சொல்லி முடிப்பதற்குள் நண்பர் விழுந்துவிட்டார்.

அந்தக் காலத்தில் ஒரு விசையை அழுத்தினால் மென்பொருள் அதை ஐந்து பிரதிகளுக்கும் அனுப்பிவிடும். ஐந்து தனித்தனி ஆட்டக்காரர்களால் அவ்வளவு துல்லியமாக ஒரே இலக்கை ஒரே கணத்தில் தாக்க முடியாது. மல்டிபாக்ஸிங் அணியின் பலம் அதுதான். அதன் பலவீனமும் அதிலேயே இருக்கிறது. பின்னால் வருகிறவர்கள் எல்லோரும் பின்தொடரும் கட்டளையில்தான் நடக்கிறார்கள். அச்சுறுத்தும் மந்திரம் பட்டால் அந்தத் தொடர்ச்சி அறுந்து, ஆளுக்கொரு திசையில் ஓடுவார்கள். அதன்பிறகு ஒருவர் கிழக்கே பார்ப்பார், இன்னொருவர் மேற்கே பார்ப்பார். இலக்கை நோக்கி நிற்காதவரின் மந்திரம் பாயாது என்பதால் ஒரே விசையை அழுத்தினாலும் ஐந்து மின்னல் வராது. ஒன்றோ இரண்டோதான் வரும். ஷாமன்களிடம் ட்ரெமர் டோட்டம் என்ற, தரையில் நடும் மந்திரக் கம்பம் இருக்கிறது, அது அச்சத்தை நீக்கிவிடும். ஆகவே நண்பர் உயிர்பெற்று வந்தபிறகு, டோட்டத்தின் எல்லையை விட்டு அவர்கள் வெளியே வரும் வரை மரங்களுக்குப் பின்னால் மறைந்திருந்தோம். வந்ததும் சைக்கிக் ஸ்கிரீம் என்ற என் அச்சுறுத்தும் மந்திரம். சிதறியவர்களில் தலைமைக் கதாபாத்திரம் எது என்று பார்த்து நண்பர் அதன்மேல் பாய்ந்தார். அது விழுந்தபிறகு மற்ற நால்வரும் நின்ற இடத்திலேயே தடுமாறினார்கள்.

மறுபடி உயிர்பெற்று வந்தபோது அந்த ஐவரையும் ஆடியவர் எங்களைத் தாக்கவில்லை. ஐந்து பேரும் ஒரே நேரத்தில் தலைவணங்கினார்கள். எதிர்த்தரப்போடு பேச வழியில்லாத விளையாட்டில் அதைவிடத் தெளிவாக அவரால் எதையும் சொல்லியிருக்க முடியாது. ஒரு கணக்குக்கு மாதச் சந்தா 14.99 டாலர், ஐந்து கணக்குக்கு ஏறத்தாழ 75 டாலர். அவ்வளவு செலவழித்து, ஐந்து பேரின் நிலையையும் ஒரே தலையில் வைத்துக்கொண்டு ஆடுகிறவரை நான் சோம்பேறி என்று சொல்லமாட்டேன்.

சந்தைத்தெரு:

வெண்கோல் அண்ணா, சண்டைக்களத்தில் சந்தித்ததால் உங்களுக்கு அவர்மேல் மரியாதை வந்தது. நான் சந்தித்தது மூலிகைக் காட்டில்.

2016இல் அதே விளையாட்டின் லீஜன் விரிவாக்கம் வந்தபோது மூலிகைச் செடிகளைப் பலர் பகிர்ந்து பறிக்கும்படி மாற்றினார்கள். ஒருவர் பறித்த செடியைப் பக்கத்தில் இருப்பவரும் சிறிது நேரத்துக்குள் பறித்துக்கொள்ளலாம். போட்டி போட்டு ஓடத் தேவையில்லை என்பதால் எனக்கு அது மிகவும் பிடித்திருந்தது. ஆனால் ட்ரூயிட் கதாபாத்திரம் பறவை வடிவில் இருந்தபடியே மூலிகை பறிக்கும். பத்து ட்ரூயிட்களை ஒரே விசைப்பலகையில் கட்டிவிட்டால் ஒரு செடி பத்துச் செடியாகிவிடுகிறது.

அடுத்த விரிவாக்கமான பேட்டில் ஃபார் அசெராத் காலத்தில் ஆங்கர் வீட் என்ற அரிய மூலிகையைத் தேடி மணிக்கணக்கில் பறந்திருக்கிறேன். ஒன்று கண்ணில் பட்டு இறங்கினால், மேலிருந்து ஒரு பறவைக் கூட்டம் ஒரே புள்ளியில் வந்து இறங்கும். ஒன்றின்மேல் ஒன்றாக நிற்பதால் எத்தனை என்று எண்ணக்கூட முடியாது. பறிக்கும் ஒலி ஒரே முறை கேட்கும், எல்லாம் ஒன்றாக எழுந்து போகும். அன்றே ஏலச்சந்தையில் அதே மூலிகை குவியல் குவியலாக ஏறியிருக்கும். விலை கீழே இறங்கிவிடும். தங்கம் சேர்த்து, டோக்கன் வாங்கி, அதிலேயே மாதச் சந்தாவைக் கட்டிவந்த என்னைப் போன்றவர்களுக்கு அது நேரடி இழப்பு.

2020 நவம்பரில், ஷேடோலேண்ட்ஸ் விரிவாக்கம் வெளிவந்த அதே மாதம், ஒரு விசையைப் பல பிரதிகளுக்கு அனுப்பும் மென்பொருளைத் தடை செய்தார்கள். பல கணக்கு வைத்திருப்பதையோ ஒரே கணினியில் திறப்பதையோ தடை செய்யவில்லை. கோட்டை எங்கே போடவேண்டுமோ அங்கேதான் போட்டார்கள் என்று உறுதியாக நம்புகிறேன். பத்துப் பறவைகளையும் ஒவ்வொன்றாக இறக்கிப் பறிக்கட்டும், எனக்கு ஆட்சேபமே இல்லை.

பனிச்சுரங்கம்:

நான் ஈவ் ஆன்லைன் என்ற விண்வெளி விளையாட்டில் சுரங்கத் தொழில் செய்கிறவன், மல்டிபாக்ஸிங் செய்கிறவனும்கூட. ஓர்க்கா என்ற துணைக் கப்பல் ஒன்று, இரண்டு சுரங்கக் கப்பல்கள், மூன்று கணக்கு. ஈவ் இதற்கென்றே அமைந்த விளையாட்டு. சுரங்கக் கருவி ஒரு சுற்று முடிய நிமிடக்கணக்கில் ஆகும். அதற்குள் அடுத்த விண்டோவுக்குப் போய், கல்லை மாற்றி, சரக்கை ஓர்க்காவில் சேர்த்து, நிதானமாகத் திரும்பலாம். உளவுக்கு ஒரு கணக்கு, சரக்குக்கு ஒரு கணக்கு என்று இரண்டாவது கணக்கு வைத்திருப்பது அங்கே ஊரறிந்த வழக்கம்.

2013இல் ஒடிசி விரிவாக்கம் வந்ததும் பனிக்கட்டி வயல்கள் தீர்ந்துபோகும் பொருளாகிவிட்டன. ஒரு வயல் காலியானால் அடுத்தது பிறக்க நான்கு மணி நேரம். அந்தக் காலத்தில் நான் பார்த்த ஒரு கூட்டத்தைச் சொல்கிறேன். இருபதுக்கு மேற்பட்ட மேக்கினா சுரங்கக் கப்பல்கள், பெயருக்குப் பின்னால் வரிசை எண்கள். வயலுக்குள் ஒரே அசைவில் நுழையும். எல்லாக் கருவிகளும் ஒரே நொடியில் எரியும். ஒரே நொடியில் அணையும். நான் என் மூன்று கப்பல்களோடு ஓரமாக உட்கார்ந்து, கண்ணெதிரே வயல் கரைவதைப் பார்த்துக்கொண்டிருப்பேன். சண்டைப் பகுதிகளில் நிலைமை இன்னும் மோசம். குண்டுவீச்சுக் கப்பல்களின் முழு அணியையும் ஒருவரே இயக்கி, எல்லாக் குண்டுகளையும் ஒரே கணத்தில் விட்டு, பெரிய கப்பல் படைகளைத் துடைத்தெடுத்தார்கள். எதிரே இருந்தவர்களோ வாரக்கணக்கில் ஆள் திரட்டி வந்தவர்கள்.

2015 ஜனவரி 1 முதல் ஈவிலும் விசைப் பரப்பல், அதாவது ஒரு விசையைப் பல பிரதிகளுக்கு அனுப்புவது, தடைசெய்யப்பட்டது. அதற்குப் பின்னும் அதே பனி அணியைப் பார்த்தேன். கப்பல்கள் குறைந்திருந்தன. கருவிகள் ஒரே நொடியில் எரியவில்லை. ஒன்று, அடுத்து ஒன்று, அடுத்து இன்னொன்று என்று வரிசையாக எரிந்தன. திரைக்குப் பின்னால் ஒரு கை உண்மையிலேயே ஒவ்வொரு விண்டோவாகப் போய்க்கொண்டிருப்பது தெரிந்தது. முதல் முறையாக அவரோடு பேசத் தோன்றியது. பேசினேன்; இப்போது வயலைப் பாதி பாதியாகப் பிரித்துக்கொள்கிறோம்.

நோரத் பழையவர்:

எவர்க்வெஸ்ட் என்ற இணைய விளையாட்டு 1999இல் வந்தது. ஒரு குழுவுக்கு ஆறு பேர். ஆறு பேர் இல்லாவிட்டால் பாதிக் குகைகளுக்குள் கால்வைக்க முடியாது. ஆள் கிடைக்காத இரவுகளில் இரண்டாவது கணினியில் கிளெரிக் என்ற குணப்படுத்தும் கதாபாத்திரத்தைத் திறந்துவைத்துத் தங்களைத் தாங்களே குணப்படுத்திக்கொண்டவர்களை நான் குறைசொல்ல மாட்டேன். மல்டிபாக்ஸிங் பிறந்ததே அந்தத் தனிமையிலிருந்துதான் என்பது என் கருத்து.

2015இல் ரேஜ்ஃபயர், லாக்ஜா என்ற பழைய காலச் சர்வர்களைத் திறந்தார்கள். ஆசையோடு போனேன். லோயர் குக் குகையில் ஃப்ரென்சீட் கூல் என்ற பேய் வரும் அறை, அங்கே கிடைக்கும் கருப்புப் பட்டுக் கச்சைக்காகவே பெயர்போனது. பழைய நாட்களில் அந்த அறைக்கு ஒரு காத்திருப்பு வரிசை இருக்கும்; வரிசையில் நிற்கும்போதுதான் நண்பர்கள் கிடைப்பார்கள். இந்த முறை அங்கே பூதங்களை ஏவும் மெஜீஷியன்களின் கூட்டம் ஒன்று நின்றது. வணக்கம் சொன்னேன். பதில் இல்லை. வரிசை உண்டா என்று கேட்டேன். பதில் இல்லை. பூதங்கள் மட்டும் பாய்ந்தன, கூல் விழுந்தது, கச்சை போனது. அத்தனை உருவங்களுக்கு நடுவில் பேச ஓர் ஆள் இல்லை. பொருள் கிடைக்காததைவிட அதுதான் எனக்கு அதிகம் வலித்தது.

அதே ஆண்டு டிசம்பரில் பினிகல் என்ற சர்வர் வந்தது. ஒரு கணினியில் ஒரு பிரதிதான் ஓடும் என்பது அதன் விதி. ‘ட்ரூ பாக்ஸ்’ என்று பெயர். மல்டிபாக்ஸிங் அங்கேயும் ஒழியவில்லை. பழைய லேப்டாப்களை மேசையில் அடுக்கி ஆடினார்கள். ஆனால் மூன்று லேப்டாப்பை இரண்டு கையால் ஆடுகிறவருக்குப் பக்கத்தில் வந்தவரைப் பார்க்க நேரம் இருந்தது. குழுவில் இன்னும் மூன்று இடமும் இருந்தது. அப்படி ஒருவர் என்னைச் சேர்த்துக்கொண்டார். அவருடைய வாரியரும் கிளெரிக்கும் என் என்சேன்டரும் சேர்ந்து போகாத குகை இல்லை.

இரட்டைத்திரை:

நான் கில்ட் வார்ஸ் 2இல் இரண்டு கணக்கு வைத்திருக்கிறேன். அங்கே பல கணக்குகளை ஒன்றாகத் திறக்கலாம். ஒரு விசை அழுத்தத்துக்கு ஒரு கணக்கில் ஒரு செயல் என்பதுதான் விதி. எதிர்கொண்ட கதைகள் நிறைய வந்துவிட்டன. இயந்திரத்துக்குள் என்ன நடக்கிறது என்று நான் எழுதுகிறேன்.

இரண்டாவது பிரதி ஏன் திறப்பதில்லை என்று பலர் கேட்கிறார்கள். பெரும்பாலும் காரணம் மியூட்டெக்ஸ். விளையாட்டு திறக்கும்போது விண்டோஸிடம் ஒரு பெயரைப் பதிவுசெய்து வைத்துக்கொள்ளும். இரண்டாவது பிரதி அதே பெயரைப் பதிவுசெய்யப் போகும், ஏற்கெனவே இருக்கிறது என்று பதில் வரும், தானே மூடிக்கொள்ளும். வாசலில் ஒரு ஜோடி செருப்பு கிடப்பதைப் பார்த்து, உள்ளே ஆள் இருக்கிறார் என்று திரும்பிப் போவதைப் போலத்தான். பிராசஸ் எக்ஸ்ப்ளோரர் போன்ற கருவியில் அந்தப் பதிவைத் தேடி மூடினால் இரண்டாவது பிரதி திறக்கும். சில நிறுவனங்கள் இதைப் பொருட்படுத்துவதில்லை; சில இதையே விதிமீறலாகப் பார்க்கின்றன. விதிகளைப் படித்துவிட்டுச் செய்யுங்கள்.

அடுத்த தடை தரவுக் கோப்பு. கில்ட் வார்ஸ் 2இன் எல்லாத் தரவும் ஒரே பெரிய கோப்பில் இருக்கிறது. முதல் பிரதி அதைப் பூட்டிவிடும். ‘ஷேர்ஆர்க்கைவ்’ என்ற கட்டளையைக் குறுக்குவழியில் சேர்த்தால் இரண்டும் அதே கோப்பைப் படிக்கும். படிக்க மட்டும்தான், எழுதாது. ஆகவே புதுப்பிப்பு வந்த நாளில் அந்தக் கட்டளை இல்லாமல் ஒரு முறை திறந்து, புதுப்பித்துவிட்டுப் பிறகு இரண்டையும் திறக்க வேண்டும்.

பலரும் கவனிக்காத இடம் பின்னணி விண்டோ. நீங்கள் பார்க்காத பிரதியும் முழு வேகத்தில் படம் வரைந்துகொண்டே இருக்கும். கிராஃபிக்ஸ் கார்டின் அமைப்பில் பின்னணிச் செயலிகளுக்கு ஃப்ரேம் வரம்பு வைத்தால் அப்போதே சூடு குறையும். சித்திரை வெயிலில் இரண்டு பிரதி ஓட்டுகிறவர்களுக்கு இது மிக முக்கியம். விசிறிச் சத்தத்தில் வீட்டார் படும் துன்பமும் குறையும்.

நோரத் ஐயா சொன்ன அந்த அறையைப் படித்தபோது மனம் கனத்தது. இரண்டு கணக்கோடு ஆடுகிறவர்கள் யாராவது வணக்கம் சொன்னால் நின்று பதில் சொல்ல வேண்டும். அதற்கு நேரமில்லாத அளவுக்குக் கணக்குகளைத் திறக்கக்கூடாது.

அக்காவும் தம்பியும்:

எங்களுடையது வேறுவிதமான சந்திப்பு. நாங்கள் மல்டிபாக்ஸிங் செய்யவே இல்லை, செய்ததாகச் சொல்லித் தண்டிக்கப்பட்டோம். பிரவுசரில் ஆடும் ஒரு வியூக விளையாட்டு. ஒருவருக்கு ஒரு கணக்குதான் என்பது விதி. நானும் தம்பியும் ஒரே வீட்டு இணைப்பில் ஆடினோம், ஒரே கூட்டணியில் இருந்தோம், ஒருவருக்கொருவர் தானியம் அனுப்பினோம். இரண்டு கணக்கையும் ஒரே நாளில் முடக்கிவிட்டார்கள்.

நம் நாட்டில் பல இணைய நிறுவனங்கள் ஒரே பொது ஐபி முகவரியைப் பல வீடுகளுக்குப் பகிர்ந்து கொடுக்கின்றன. முன்பின் தெரியாத அடுத்த தெருக்காரரும் நீங்களும் வெளியிலிருந்து பார்த்தால் ஒரே ஆள். ஐபியை மட்டும் வைத்து ஒருவரைக் குற்றவாளியாக்குவது அநியாயம். நாங்கள் இருவரும் ஒரே நேரத்தில் வெவ்வேறு போர்களை நடத்திய விவரங்களை எழுதி அனுப்பிய பிறகு கணக்குகள் திரும்பின. அதற்குள் தம்பியின் நகரம் தரைமட்டமாகியிருந்தது. ஒரே வீட்டில் ஆடுகிறவர்கள் அந்த விவரத்தை முதல் நாளே நிர்வாகத்துக்குத் தெரிவித்துவிடுங்கள்.

புதுவரவு:

எட்டு ஜிபி ரேம் உள்ள பழைய லேப்டாப். ஓல்ட் ஸ்கூல் ரூன்ஸ்கேப்பில் இரண்டு கணக்கு ஓட்டலாமா? தடை வருமா?

இரட்டைத்திரை:

தாராளமாக ஓட்டலாம், தம்பி. அது கனமான விளையாட்டு இல்லை. அங்கே எல்லாச் செயலும் 0.6 நொடிக்கு ஒரு முறை ஓடும் கடிகாரத்தில்தான் நடக்கும். இரண்டு விண்டோவுக்கும் மாறி மாறிப் போக நேரம் இருக்கிறது. ஒன்றில் மரம் வெட்டவிட்டு மற்றொன்றில் சண்டை போடு. இரண்டிலும் சண்டை வேண்டாம், இரண்டும் சாகும். பல கணக்குகளை ஒன்றாக லாகின் செய்ய அனுமதி உண்டு. ஒரு கிளிக்கை இரண்டுக்கும் அனுப்பும் எந்த மென்பொருளையும் நிறுவாதே. இலவசமாகக் கிடைத்தாலும் நிறுவாதே, கடவுச்சொல் போய்விடும். ரூன்லைட் என்ற மாற்றுச் செயலியில் ஆடுவதாக இருந்தால் இரண்டாவது கணக்குக்குத் தேவையில்லாத பிளகின்களை அணைத்துவிடு. ரேம் போதவில்லை என்றால் முதலில் மூடவேண்டியது பிரவுசரை.