'கரத்தெரிஸ்தா'வுக்கு 'வார்ப்பு நடிகர்'

நண்பர்களே, வணக்கம்.

இத்தாலியத் திரைப்படக் கட்டுரைகளில் ஒருவகை நடிகரைக் குறிக்க அடிக்கடி வரும் 'கரத்தெரிஸ்தா' (caratterista) என்ற சொல்லைத் தமிழாக்கத் 'துணை நடிகர்' போதும் என்று சிலரும், 'குணச்சித்திர நடிகர்' இருக்கிறதே என்று சிலரும் சொல்கிறீர்கள். எனக்கு இரண்டிலும் உடன்பாடில்லை. கோடம்பாக்கத்தில் துணை நடிகர் என்றால் கூட்டத்தில் நிற்பவரும் அடக்கம். குணச்சித்திரம் என்றதும் ரங்காராவ் மாதிரி கனமான வேடங்களைத் தாங்கியவர்கள்தான் நினைவுக்கு வருகிறார்கள். கரத்தெரிஸ்தாவின் வேலை வேறு. ஒரே மாதிரி ஆளாகப் படத்துக்குப் படம் வந்து நிற்பார். வந்ததுமே இன்னார் என்று ஜனங்களுக்குத் தெரிந்துவிடும்.

திபேரியோ முர்ஜாவைப் பாருங்கள். சார்தீனியாத் தீவின் ஒரிஸ்தானோ ஊர்க்காரர். ரோமில் ஓர் உணவகத்தில் பாத்திரம் கழுவிக்கொண்டிருந்தவரை இயக்குநர் மாரியோ மொனிச்செல்லி 1958இல் 'இ சோலித்தி இஞ்ஞோத்தி' படத்தில் நடிக்கவைத்தார். தங்கையை வீட்டுக்குள் பூட்டிவைத்துக் காவல் காக்கும் சிசிலிக்காரர் வேடம். மெல்லிய மீசை, சிரிக்காத முகம். குரல்கூட அவருடையதில்லை, சிசிலிப் பேச்சில் வேறொருவர் டப்பிங் கொடுத்தார். அப்புறம் 2010இல் இறக்கும்வரை இத்தாலியர்களுக்கு அவர் சிசிலிக்காரர்தான்! அதே படத்தில் நேப்பிள்ஸ்காரரான கார்லோ பிசகானேவுக்குப் பொலோஞ்ஞா பேச்சு. வெனிஸ் வியாபாரி பாந்தலோனே, பொலோஞ்ஞா பண்டிதர் பலான்சோனே என்று ஊருக்கொரு முகமூடி வைத்திருந்த பழைய நாடக மரபு இங்கே சினிமாவுக்கு வந்திருக்கிறது.

அதனால்தான், ஒரே அச்சில் வார்த்த ஆள் என்ற பொருளில், 'வார்ப்பு நடிகர்' என்கிறேன். திறமை குறைந்தவர் என்ற தொனி வருமே என்ற கவலை நியாயமானது. ஆனால் மாரியோ பிரேகாவை யோசித்துப் பாருங்கள். கசாப்புத் தொழிலிலிருந்து வந்தவர். 1964 முதல் 1966 வரை இயக்குநர் செர்ஜியோ லியோனேயின் மூன்று வெஸ்டர்ன் படங்களிலும் முரட்டு உடம்போடு அடித்து நொறுக்கியவர். 1981இல் கார்லோ வெர்தோனே இயக்கிய படத்தில் லாரி ஓட்டுநராக வந்து ஒரு பாட்டிக்கு ஊசி போடுகிறார். இந்தக் கை இரும்பாகவும் இருக்கும், இறகாகவும் இருக்கும் என்று அவர் பேசும் வசனம் பெரும்புகழ் பெற்றது. இரும்புக் கையைப் பல வருடம் பார்த்த சனங்களிடம்தான் அந்த இறகு எடுபடும். வார்ப்புதான் அவருடைய மூலதனம். அதை நம்பித்தான் இயக்குநர் அந்தக் காட்சியையே வைக்கிறார்.

'வகைமாதிரி நடிகர்' என்ற யோசனையும் வந்தது. பொருள் சரி, ஆனால் இலக்கிய விமர்சன வாடை தூக்கலாக இருக்கிறது. வார்ப்பு நடிகை, வார்ப்பு வேடம் என்று இதைச் சுலபமாக நீட்டலாம். கணினித் துறையின் 'வார்ப்புரு'வோடு (template) குழப்பிக்கொள்ள இடமில்லை.

இத்தாலியத் திரைப்பட விருதான தாவித் தி தொனாத்தெல்லோவில் நாயகரல்லாத நடிகருக்கான பிரிவு மட்டும் 'சிறந்த துணை நடிகர்' என்றே இருக்கட்டும்; அது வேடத்தின் இடத்தைச் சொல்வது. நகைச்சுவை நடிகர் தொத்தோவுக்குப் பக்கத்தில் நின்று அவர் சிரிக்கவைக்க வழிவிட்ட மாரியோ கஸ்தெல்லானி போன்றவர்களையும் இதில் சேர்க்க வேண்டாம். அவர்களை இத்தாலியர்கள் 'ஸ்பல்லா', அதாவது தோள் என்கிறார்கள். அதற்குத் 'தோள் நடிகர்' சரிப்படுமா, சொல்லுங்கள்.