கிராஸ்ஓவர் கேபிள்: குறுக்கு வடமா, மாறுமுனை வடமா?

வணக்கம்.

கணினி வலையமைப்பில், உள்ளே கம்பி ஜோடிகள் இடம் மாறியிருக்கும் கிராஸ்ஓவர் கேபிளுக்குத் தமிழில் 'குறுக்கு வடம்' என்று உங்கள் கலைச்சொல் பதிவில் சொல்லியிருந்தீர்கள். எனக்கு ஒட்டவில்லை. குறுக்கு என்றதும் குறுக்குவழிதான் நினைவுக்கு வருகிறது, வடத்துக்குள் நடப்பது அது இல்லையே. 100 எம்பிபிஎஸ் வேக ஈதர்நெட்டில் (வடம்வழி வலையமைப்பில்) கணினி, பிளக்கின் 1, 2 பின்களில் தரவை அனுப்பி 3, 6-இல் வாங்கும், ஸ்விட்ச் (பல கணினிகளை இணைக்கும் பெட்டி) அதற்கு நேர்மாறு, அதனால் இரண்டுக்கும் நடுவே சாதாரண வடமே போதும். ஆனால் ஸ்விட்ச்சோடு ஸ்விட்ச்சைச் சேர்த்தால் இரண்டுமே 3, 6-இல் பேசும், 1, 2-இல் காதைத் தீட்டிக்கொண்டிருக்கும். அதற்காகத்தான் அனுப்பும், வாங்கும் கம்பி ஜோடிகளை வடத்திலேயே இடம் மாற்றுகிறார்கள்.

'இணைமாற்று வடம்' பரவாயில்லை, ஆனால் ஜோடி என்ற பொருளில் வரும் 'இணை'யை இணைப்பு என்று படித்துவிடுவார்கள். 'ஜோடிமாற்று' வேண்டவே வேண்டாம், சிரிப்பார்கள்!

என் யோசனை மாறுமுனை வடம். கேபிள் அடிப்பவர் (முனையில் பிளக் பொருத்துபவர்) கண்ணால் பார்ப்பது அதைத்தான். இரண்டு பிளக்கையும் கிளிப் பின்பக்கம் இருக்கும்படி பக்கத்தில் பக்கத்தில் பிடித்துப் பாருங்கள்: ஒன்றில் இடது ஓரக் கம்பி வெள்ளை-ஆரஞ்சு, அதாவது டி568பி என்ற வண்ண வரிசை, மற்றதில் வெள்ளை-பச்சை, டி568ஏ. முனைகள் மாறியிருக்கின்றன, அவ்வளவுதான். சாதாரண வடத்தில் இரண்டும் ஒன்றுபோல இருப்பதால் அது ஒத்தமுனை வடம். (நேர்முனை என்று வைக்க முடியாது, மின்சாரத்தில் பாசிட்டிவ் முனைக்கு அந்தப் பெயர் எப்போதோ போய்விட்டது.)

அப்புறம், அந்தச் சொல்லுக்கான உங்கள் விளக்கத்தில் 'ஸ்விட்ச்சுகளை இணைக்கும் வடம்' என்று எழுதியிருப்பதைத் தயவுசெய்து எடுத்துவிடுங்கள். இன்றைய கிகாபிட் (1000 எம்பிபிஎஸ்) போர்ட்டுகள் (வடம் செருகும் இடங்கள்) பெரும்பாலும் ஆட்டோ எம்டிஐ-எக்ஸ் என்ற வசதியால் ஜோடியைத் தாமே மாற்றிக்கொள்ளும், ஒத்தமுனை வடமே போதும், அந்த விளக்கத்தை நம்பி யாராவது தேவையில்லாமல் மாறுமுனை வடம் தேடி அலைவார்கள். பழைய 10/100 எம்பிபிஎஸ் ஸ்விட்ச்சுகளுக்குத்தான் அந்த வடம் வேண்டியிருக்கும். சில ஸ்விட்ச்சுகளில் போர்ட் வேகத்தைக் கையால் நிர்ணயித்தால் இந்த வசதி அணைந்துபோய் இணைப்பைக் காட்டும் லிங்க் விளக்கே எரியாது, அங்கேயும் உதவும்.

கேட் 5இ, கேட் 6ஏ என்பதையும் இதோடு குழப்ப வேண்டாம். அது வடத்தின் தரம். கிகாபிட்டுக்கு 100 மீட்டர் வரை 5இ போதும், அதே தூரத்துக்கு 10 கிகாபிட் என்றால் 6ஏ. அதற்குத் தனிப் பதிவு போடலாம்.

ஆட்டோ எம்டிஐ-எக்ஸுக்கு 'தன்மாற்று போர்ட்' என்று வைக்கலாமா? 'போர்ட்'டைத் 'துறை' ஆக்குவதில் எனக்கு இன்னும் தயக்கம். மற்றவர்கள் சொல்லுங்கள்.