அமீர் நாதெரி படங்கள்: பார்த்தவர்கள், திரையிட்டவர்கள் பகிர்வு

திரைக்கழகப் பொறுப்பாளர்

ஈரானில் தொடங்கிப் பிறகு நியூயார்க் போன இயக்குநர் நாதெரியைப் புதிதாகப் பார்க்க வருகிறவர்கள் அவருடைய நியூயார்க் படங்களில் தொடங்க வேண்டாம். முதலில் ‘தி ரன்னர்’. 1984இல் ஈரானில் எடுத்தது, 1985இல் பிரான்சின் நாந்த் நகரில் நடக்கும் மூன்று கண்டங்கள் விழாவில் முதல் பரிசு வாங்கியது. தயாரித்தது கானூன் என்ற அரசு நிறுவனம். சிறுவர்களுக்காக நூலகமும் புத்தகமும் படமும் தந்த இடம். உலகம் அறிந்த ஈரானிய இயக்குநர் கியாரோஸ்தமியும் அங்கிருந்து வந்தவர்தான். நாதெரியின் சொந்த ஊர் ஆபதான், எண்ணெய் சுத்திகரிப்பு ஊர். படம் எடுத்த காலத்தில் ஈராக்குடன் போர் நடந்துகொண்டிருந்தது, அங்கே எடுக்க வழியில்லை. ஆகவே படத்தில் வரும் துறைமுகத்தை ஒரே ஊர் என்று நம்பிப் பார்க்காதீர்கள், அது வேறு வேறு இடங்களில் எடுத்து ஒட்டிய ஊர்.

கவனித்துப் பார்க்க வேண்டிய காட்சி: ஐஸ் தண்ணீர் விற்கும் நாயகச் சிறுவன் அமீரோவிடம் சைக்கிளில் வந்த ஒருவன் குடித்துவிட்டுக் காசு தராமல் போகிறான். விலை ஒரே ஒரு ரியால். பையன் விடாமல் துரத்துகிறான். அந்தத் துரத்தல் ஒரு ரியாலுக்குத் தேவைப்படுவதைவிட நீளமாக ஓடுகிறது. அந்த அதிகப்படியான நீளத்தில்தான் படத்தின் உயிர் இருக்கிறது. எடிட்டிங் பஹ்ராம் பெய்சாயி; அவரே பெரிய இயக்குநர். எடிட்டிங் கற்கிறவர்கள் இந்த ஒரு காட்சியை ஒலியை அணைத்து ஒருமுறை, படத்தை மறைத்து ஒருமுறை ஓட்டிப் பாருங்கள்.

தயாரிப்பு நிர்வாகி

மேலே சொன்னதோடு ஒன்றைச் சேர்க்கிறேன். நியூயார்க் போனபின் நாதெரி எடுத்த படங்களின் கதையை ஒவ்வொன்றாகப் பிரித்துப் பாருங்கள். ‘மன்ஹாட்டன் பை நம்பர்ஸ்’ (1993): வேலை போன பத்திரிகைக்காரர், வீட்டு வாடகைக்கு 1200 டாலர் புரட்ட வேண்டும், கெடு ஒரு நாள். ‘ஏ, பி, சி... மன்ஹாட்டன்’ (1997): மூன்று பெண்கள், ஒரே நாள். ‘மாரத்தான்’ (2002): ஒரு பெண், 24 மணி நேரம், 77 குறுக்கெழுத்து என்ற தன் பழைய கணக்கைத் தாண்ட வேண்டும். ‘வேகாஸ்’ (2008): வீட்டு முற்றத்தில் பணம் புதைந்திருக்கிறது என்று நம்பிக் குழி தோண்டும் குடும்பம்.

எல்லாம் ஒரு ஆள் அல்லது ஒரு வீடு, ஒரு வேலை, ஒரு கெடு. இதைப் பாணி என்று மட்டும் சொல்லிக் கடந்துவிடக் கூடாது, இது பட்ஜெட் கணக்கும்கூட. கதை ஒரே நாளில் நடந்தால் நடிகருக்கு ஒரே உடை. மேக்கப் தொடர்ச்சி சுலபம். தெருவே செட். வசனம் குறைவு என்பதால் புது நாட்டின் மொழி முழுதாகக் கைவராத இயக்குநர் நடிகரிடம் “நட, நில், மறுபடி எண்ணு” என்று சொன்னாலே போதும். இதே முறையோடுதான் ஜப்பான் போய் ‘கட்’ (2011), இத்தாலி போய் ‘மோன்டே’ (2016) எடுத்தார். மூன்று நாடு, மூன்று மொழி. மோன்டேயில் ஒருவன் சூரியனை மறைக்கும் மலையைச் சுத்தியால் அடிக்கிறான், அவ்வளவுதான் வேலை.

ஒரே நாள் கதையில் சிக்கல் எங்கே வரும்? வெளிச்சத்தில். கதையில் காலை பத்து மணி, படப்பிடிப்பில் மூன்றாம் வாரம் மாலை நான்கு. ஆகவே ஷாட் பட்டியலை இடவாரியாகப் போடாமல் நிழலின் திசைவாரியாகப் போடுங்கள். தெரு கிழக்கு மேற்காகப் போகிறதா, வடக்கு தெற்காகவா என்று முதலில் குறித்துக்கொள்ள வேண்டும். மேகமூட்ட நாளில் எடுத்ததை மேகமூட்டக் காட்சியோடு மட்டும் ஒட்டுங்கள், கலர் கிரேடிங்கில் நிழலை உண்டாக்க முடியாது.

நியூயார்க்கில் இன்றைய நடைமுறை பற்றி இங்கே அடிக்கடி கேட்கிறார்கள். கையில் பிடித்த கேமராவோ டிரைபாடோ மட்டும் வைத்து, நடைபாதையை உங்களுக்கென்று மறிக்காமல் எடுத்தால் நகர அனுமதி தேவையில்லை. வண்டி நிறுத்தம், தெருவை மறிப்பது என்று வந்தால் அனுமதியும் காப்பீடும் வேண்டும். சப்வே எனும் சுரங்க ரயில் தனி நிர்வாகம், தனி விதி: டிரைபாட், விளக்கு, ரிஃப்ளெக்டர் எதுவும் அனுமதியில்லாமல் கூடாது. தெருவின் விதியை அப்படியே சப்வேக்குக் கொண்டுபோய் மாட்டிக்கொள்கிறவர்கள் நிறைய.

மிக்ஸிங் மேசை

சப்வே பேச்சு வந்ததால் ஒலியைப் பற்றி. ‘மாரத்தான்’ நாயகிக்கு இரைச்சல் இருந்தால்தான் மனம் ஓடும், அதற்காகவே ரயிலில் ஏறி உட்கார்கிறாள். இப்படி ஒரு படத்தை மிக்ஸ் செய்கிறவர் வழக்கமான வேலையைத் தலைகீழாகச் செய்ய வேண்டும். வழக்கமாக ரயில் சத்தத்தைக் குறைத்து வசனத்தை மேலே கொண்டுவருவோம். இங்கே சத்தம்தான் பாத்திரம்.

ஓடும் ரயிலில் எடுத்து அனுபவப்படாதவர்கள் தவறுவது இங்கேதான். இரண்டு டேக்கை ஒட்டும்போது மோட்டாரின் சுருதி மாறிவிடும். முதல் டேக்கில் வண்டி வேகம் பிடிக்கிறது, அடுத்ததில் நிலையத்துக்குள் மெதுவாக நுழைகிறது. படத்தில் தெரியாது, காதுக்குப் பளிச்சென்று தெரியும். செய்ய வேண்டியது: ஒவ்வொரு ரயில் தடத்திலும் இரண்டு நிலையங்களுக்கு இடைப்பட்ட முழு ஓட்டத்தையும், கதவு திறந்து மூடுவது வரை, நடிகர் இல்லாமல் தனியாகப் பதிவு செய்யுங்கள். மைக் கையில் ஆடாமல் உடம்போடு அணைத்துப் பிடிக்க வேண்டும், கம்பியில் சாய்ந்தால் அதிர்வு ஏறிவிடும். எடிட்டிங்கில் அந்த முழு ஓட்டத்தை அடியில் அறுபடாமல் போட்டு, மேலே ஷாட்டுகளை வெட்டுங்கள். வெட்டு மறைய வேண்டிய இடத்தில் கதவு மணி. பழைய வண்டி, புது வண்டி இரண்டையும் கலக்காதீர்கள்.

‘சவுண்ட் பேரியர்’ (2005) இன்னும் கடினமானது. காது கேளாத, பேச முடியாத சிறுவன், வானொலியில் பேசிய தன் அம்மா விட்டுப்போன ஒலிநாடாவைத் தேடுகிறான். பெட்டி பெட்டியாகக் கேசட்டுகளைப் புரட்டும் சத்தம் நமக்குக் கேட்கிறது, அவனுக்குக் கேட்கவில்லை. இதை லேப்டாப் ஸ்பீக்கரில் பார்ப்பதால் பயனில்லை, ஹெட்ஃபோன் கட்டாயம். ஈரானில் எடுத்த ‘வாட்டர், விண்ட், டஸ்ட்’ படத்தில் இதே நாதெரி புழுதிக் காற்றைப் படம் முழுக்க ஊதவிட்டு, முடிவில் தண்ணீர் பீறிடும்போது பீத்தோவனின் ஐந்தாம் சிம்ஃபனியைப் போட்டிருக்கிறார். சிலருக்கு அது அதிகமாகத் தெரியும். அத்தனை நேரம் காற்றைக் கேட்ட காதுக்கு அது சரியான அளவுதான் என்பது என் தீர்மானம்.

பெர்லின் வாசகர்

தயாரிப்பு நிர்வாகி சார் சொன்ன வழி ஒன்றுதான் வழி என்று ஆகிவிடக் கூடாது. இன்னொரு ஈரானிய இயக்குநர் சொராப் ஷாஹித் சாலெஸை எடுத்துக்கொள்ளுங்கள். ‘ஸ்டில் லைஃப்’ 1974 பெர்லின் விழாவில் வெள்ளிக் கரடிப் பரிசு வாங்கியது. பிறகு மேற்கு ஜெர்மனிக்கு வந்து 1975இல் ‘ஃபார் ஃப்ரம் ஹோம்’ எடுத்தார். பெர்லின் தொழிற்சாலையில் வேலை செய்யும் துருக்கித் தொழிலாளி. இயந்திரத்தில் ஒரே அசைவைத் திரும்பத் திரும்பச் செய்கிறார். நடித்தவர் ஈரானில் பெரிய நகைச்சுவை நடிகரான பர்விஸ் சய்யாத். அவர் முகத்தில் நகைச்சுவையின் சுவடே இல்லாமல் ஆக்கியிருக்கிறார் இயக்குநர்.

சாலெஸ் தெருவில் திருட்டுத்தனமாக எடுக்கவில்லை. அதற்குப் பின் வந்த படங்களைப் பெரும்பாலும் ஜெர்மன் தொலைக்காட்சிப் பணத்தில், ஜெர்மன் நடிகர்களோடு, ஜெர்மன் மொழியில் எடுத்தார். ‘யுடோப்பியா’ (1983) மூன்று மணி நேரத்துக்கு மேல். தொலைக்காட்சிப் பணம் இருந்தால் நீளத்துக்குச் சுதந்திரம் உண்டு. ஆனால் திரையரங்குப் பிரதிகளும் விநியோகமும் அதோடு வருவதில்லை. ஒளிபரப்பு முடிந்ததும் படம் பெட்டகத்துக்குப் போய்விடும். அவர் படங்கள் பல்லாண்டு கண்ணில் படாமல் போனதற்கு இதுவும் ஒரு காரணம். 1998இல் சிகாகோவில் இறந்தார். இன்றைக்கு ஈரானிய இயக்குநர் முகமது ரசூலோஃப் ஈரானில் ரகசியமாக எடுத்த படத்தை ஜெர்மனியே 2024இல் தன் சார்பாக ஆஸ்கருக்கு அனுப்பியது. சாலெஸுக்கு இந்த அணைப்பு கிடைத்திருக்கலாம் என்று நினைக்கும்போது மனம் ஆறவில்லை.

தயாரிப்பு நிர்வாகி

ஒப்புக்கொள்கிறேன் தோழர். பணம் பற்றி ஒன்று மட்டும். அமெரிக்காவிலிருந்து ஈரானுக்குள் நடக்கும் படப்பிடிப்புக்குப் பணம் அனுப்புவது அமெரிக்கப் பொருளாதாரத் தடைச் சட்டத்துக்குள் வரும். எடுத்து முடித்த படத்தை வாங்கி வெளியிடலாம். இன்னும் உருவாகாத படத்துக்கு முதலீடு போட உரிமம் வேண்டும். புலம்பெயர்ந்தவர்கள் ஊருக்குத் திரும்பி எடுக்காமல் ஜோர்டானிலும் துருக்கியிலும் டெஹ்ரானை உருவாக்குவதற்குத் தணிக்கை பாதிக் காரணம் என்றால் இது இன்னொரு காரணம். ஒப்பந்தம் எழுதும்போது படம் முடிந்த தேதியைப் பாருங்கள்.

திரைக்கழகப் பொறுப்பாளர்

திரையிட விரும்புகிறவர்களுக்கு: ‘தி ரன்னர்’ புதுப்பித்த பிரதி கிடைக்கிறது, பழைய தேய்ந்த வீடியோப் பிரதியைப் போடாதீர்கள். கடைசியில் எண்ணெய்த் தீக்கு முன்னால் உருகும் பனிக்கட்டியை நோக்கிப் பையன்கள் ஓடுகிறார்கள். பழைய பிரதியில் தீயும் வானமும் ஒரே வெள்ளையாகக் கலந்துவிடும், யார் யாரைத் தள்ளுகிறார் என்றே புரியாது.

‘கட்’ போடுவதாக இருந்தால், கடனை அடைக்க நாயகன் காசுக்கு அடி வாங்கும் காட்சிகள் நீளம் என்று முன்பே அறிவித்துவிடுங்கள். முடிவில் நாயகன் ஒவ்வொரு அடிக்கும் ஒரு படத்தின் பெயரைச் சொல்கிறான், மொத்தம் 100 படம். அந்தப் பெயர்கள் திரையிலும் வரும். சப்டைட்டில் அதன்மேல் ஏறுகிறதா என்று முந்தைய நாளே கடைசிப் பகுதியை ஓட்டிப் பாருங்கள். ஏறினால் வரியை மேலே நகர்த்துங்கள். ‘கட்’ முடிந்த அன்றே வேறு படம் போட வேண்டாம், கூட்டம் அந்தப் பட்டியலைத்தான் பேசிக்கொண்டிருக்கும்.