மிச்ச உல்லன்ல குட்டி அலங்காரம் செஞ்சவங்க, உங்க அனுபவத்தைச் சொல்லுங்க

ஷால், ஸ்வெட்டர்னு பின்னி முடிச்சப்புறம் கொஞ்சூண்டு நூல் நிக்குமே, தொப்பிக்கும் பத்தாது தூக்கிப் போடவும் மனசு வராது, அதைத்தான் பண்டிகைக்கு மரத்துல, கதவுல தொங்கவிடுற சின்ன அயிட்டமா மாத்திட்டு இருக்கேன். டிசைனைப் பாத்துட்டு நூல் தேடுற வேலையே கிடையாது, முதல்ல நூலை சமையல் தராசுல வெச்சுடுவேன். லேபிள்ல 100 கிராம் 200 மீட்டர்னு போட்டிருந்தா 1 கிராமுக்கு 2 மீட்டர், அப்ப 5 கிராம் மிச்சம்னா 10 மீட்டர், சின்னதா ஒரு பாம்பாம் (புசுபுசுன்னு நூல் உருண்டை) வந்துடும், 2 கிராம்தான்னா குரோஷேல (கொக்கி ஊசியால பின்னுறது) குட்டி நட்சத்திரம், அதுக்கும் கீழன்னா குஞ்சம். முக்கால்வாசி போட்டுட்டு நூல் தீந்து போற எரிச்சல் இதுல வராது.

பாம்பாமுக்குன்னு தனியா கருவி எல்லாம் வாங்காதீங்க. சாப்பிடுற ஃபோர்க்ல சுத்தி, நடு இடைவெளி வழியா நூலை விட்டு இறுக்கி முடிச்சு போட்டு ரெண்டு பக்கமும் வெட்டினா போதும். முடிச்சு போடுற நூல் மட்டும் அதே உல்லனா இருக்க வேணாம், முறுக்கு கம்மியா இருந்தா இழுக்குற இழுப்புல அறுந்துடும். கெட்டி காட்டன் நூல், இல்லன்னா டென்டல் ஃபிளாஸ். அப்புறம் கத்தரியால சுத்தி சுத்தி வெட்டணும், பாதி வெட்டும்போது பாவமாத்தான் தெரியும், நிறுத்தாதீங்க, நல்லா வெட்ட வெட்டத்தான் உருண்டையா வரும்.

—

அக்கா தராசு ஐடியா சூப்பர். நான் ஸ்னோஃபிளேக் பைத்தியம், மெல்லிசு வெள்ளை காட்டன் நூல் மிச்சம் இருந்தா அதுக்குத்தான் போகும். தண்ணி மூலக்கூறு உறையும்போது அறுகோணமா அடுக்கிக்கிறதால நிஜ பனித்துகளுக்கும் பெரும்பாலும் ஆறு கைதான், அதனால எட்டு கை வெச்ச பேட்டர்ன் எவ்வளவு அழகா இருந்தாலும் எனக்கு ஒட்டாது 😄

பின்னினதும் துவண்டு போய் கிடக்கும், விறைப்பாக்கினாத்தான் உயிர் வரும். என் மாமியார் அந்தக் காலத்துல டாய்லிக்கு (மேஜை மேல விரிக்கிற லேஸ் விரிப்பு) சர்க்கரைப் பாகுதான் போடுவாங்களாம், அவங்க சொன்னாங்கன்னு நானும் போட்டுப் பாத்தேன், கண்ணாடி மாதிரி நின்னுச்சு, ஆனா காத்துல ஈரம் ஏறினா பிசுபிசுன்னு ஆகுது, எறும்பும் வந்துடுது. இப்ப வெள்ளை கம்மும் தண்ணியும் சரிக்கு சரி கலந்து முக்கிப் பிழிஞ்சு, பிளாஸ்டிக் கவர் சுத்தின தெர்மாகோல் மேல ஒவ்வொரு முனையா இழுத்து குண்டூசி குத்திடுறேன். ஊசி துருப்பிடிக்காததா இருக்கணும், வெள்ளை நூல்ல துருக்கறை விழுந்தா போகவே போகாது.

—

ரெண்டு பேருமே என்ன நூலுன்னு பிரிச்சு வைக்கிறதைப் பத்திச் சொல்லல, எனக்கு அதுதான் முதல் வேலை. லேபிள் போயிடுச்சுன்னா ஒரு துண்டு நூலை இடுக்கியில பிடிச்சு சிங்க்குக்கு மேல வெச்சு கொளுத்திப் பாருங்க. நிஜ கம்பளின்னா முடி கருகுற நாத்தம் அடிக்கும், சாம்பலை நசுக்கினா பொடியாகும். அக்ரிலிக் உருகி கெட்டியா கறுப்பு மணி மாதிரி நிக்கும்.

கம்பளி துண்டெல்லாம் நான் ஃபெல்ட் (இழை ஒட்டி கெட்டியான கம்பளி) உருண்டைக்கு எடுத்துடுவேன். இறுக்கமா உருட்டி, பழைய ஸ்டாக்கிங்ஸ் உள்ள ஒண்ணு ஒண்ணா போட்டு இடையில முடிச்சு போட்டு, குளிக்கிற துண்டோட சேத்து வாஷிங் மெஷின்ல சுடுதண்ணில ஓட விடுறது. கம்பளி இழை மேல இருக்குற செதில் ஒண்ணுக்கொண்ணு மாட்டிக்கிட்டு சுருங்கிடும், காஞ்சதும் கோத்தா தோரணம் ரெடி. சூப்பர்வாஷ்னு போட்ட கம்பளி இதுக்கு ஆகாது, சுருங்கக் கூடாதுன்னே அந்தச் செதிலை மழுக்கிடுறாங்க. அக்ரிலிக்கும் எத்தனை தடவை ஓட்டினாலும் நூலாவேதான் வெளிய வரும்.

—

வீட்ல பூனை இருக்கு சாமி, அதனால நான் கொஞ்சம் பயமுறுத்திட்டுப் போறேன். எங்க பூனை குஞ்சத்தைக் கடிச்சு இழுத்துட்டு ஓடுச்சு, டாக்டர்கிட்ட கேட்டப்ப அவர் சொன்னது, நீளமான நூல் உள்ள போனா ஒரு முனை எங்கயாவது மாட்டிக்கும், குடல் அதுமேல சுருக்கு விழுந்து கிழியவும் வாய்ப்பு இருக்கு, ஆபரேஷன் வரைக்கும் போகும்னாரு. வாய்லயோ பின்னாடியோ நூல் தொங்கினா நீங்களா இழுக்கவே கூடாதாம். அதுலேர்ந்து குஞ்சம், தொங்கல் எல்லாம் உசரத்துலதான், வெட்டின துண்டு நூலும் மூடி போட்ட டப்பால.

அக்ரிலிக் உருகும்னு மேல சொன்னாங்களே, அப்ப மெழுகுவர்த்தி பக்கத்துல மாட்டாதீங்க, எல்இடி விளக்குன்னா பிரச்சனை இல்ல. மூணு வயசுக்குள்ள குழந்தை இருந்தா பொம்மைக் கண்ணுக்கு மணி, பட்டன் வேணாம், கறுப்பு நூல்ல தைச்சுடுங்க.

—

குரோஷே சுத்தமா தெரியாது, செயின் மட்டும் போடுவேன், எனக்கு ஏதாவது இருக்கா?

—

இருக்கே! இருபது இருபத்தஞ்சு செயின் போட்டுட்டு, திரும்பி வரும்போது ஒவ்வொரு செயின்லயும் மூணு டபுள் குரோஷே போடுங்க (செயினுக்கு அடுத்து கத்துக்குற தையல், ஒரு சாயங்காலத்துல வந்துடும்). இடம் பத்தாம அதுவாவே சுருண்டு தொங்கும், மரத்துல மாட்டினா பனிக்குச்சி மாதிரியே இருக்கும், விறைப்பாக்கவும் வேணாம். சுருள் லூசா தெரிஞ்சா விரலால முறுக்கி விடுங்க, அவ்ளோதான்.